'தாரைத்துடி' என்கிறான் பேரன்: குறை நாக்கிலா?

கேள்வி: காரைக்குடி பக்கம் எங்கள் ஊர். மகனும் மருமகளும் வேலைக்குப் போவதால் பேரன் என்னிடம்தான் வளர்கிறான். ஐந்தரை வயது, யுகேஜி. 'காரைக்குடி' என்பதைத் 'தாரைத்துடி' என்கிறான். காப்பி, 'தாப்பி' ஆகிவிடுகிறது. ஏபிசிடி முழுக்கப் பாடுவான், ஆனால் பூனையைக் குறிக்கும் 'கேட்' (cat) என்ற மூன்றெழுத்தைப் படிக்கத் தெரியவில்லை. நாக்கு தடிப்பு, வசம்பு தேயுங்கள் என்கிறார்கள். நாக்கடியில் இருக்கும் சவ்வை வெட்டிவிடலாம் என்கிறார் ஒருவர். இவன் அப்பாவும் சின்ன வயதில் எழுத்துக்கூட்டத் திணறியவன்தான். என்ன செய்யலாம் டாக்டர்?

பதில்: ஆச்சி, வசம்பும் வேண்டாம், கத்தியும் வேண்டாம். வசம்பு வயிற்றுக்குள் போனால் வாந்தி வரலாம். பேச்சுக்கு அதனால் ஒரு பயனும் இல்லை. சவ்வு விஷயத்தை நீங்களே சோதித்துப் பார்க்கலாம். 'க்' என்று சொல்லுங்கள், நாக்கின் பின்பகுதி எழும்பி மேலண்ணத்தைத் தொடும். 'த்' என்று சொன்னால் நாக்கு நுனி பல்லைத் தொடும். நாக்கடிச் சவ்வு இழுத்துப் பிடித்தால் கஷ்டப்படுவது நுனிதான். உங்கள் பேரனோ 'க்' வரவேண்டிய இடத்தில் எல்லாம் நுனியை வைத்து 'த்' சொல்கிறான். அவன் நாக்கு நுனி நன்றாகவே வேலை செய்கிறது!

பார்க்க வேண்டியது காதை. ஒரு தாளில் கோடு போட்டு, பக்கத்தில் உங்கள் தோட்டைக் கழற்றி வையுங்கள். உங்கள் வாயை அவன் பார்க்காதபடி இருந்து, 'கோடு எது, தோடு எது' என்று மாற்றி மாற்றிக் கேளுங்கள். தப்பாமல் தொட்டால், இரண்டு ஒலிக்கும் உள்ள வித்தியாசம் அவனுக்குக் கேட்கிறது, வாய்தான் இன்னும் பழகவில்லை. அடிக்கடி தடுமாறினால், கேட்பதிலோ கேட்ட ஒலியைப் பிரித்தறிவதிலோ சிக்கல் இருக்கலாம். எப்படியிருந்தாலும் காது மூக்கு தொண்டை மருத்துவரிடம் ஒருமுறை காட்டி, கேட்கும் திறனை அளக்கும் ஆடியோகிராம் சோதனை எடுங்கள். அடிக்கடி சளி பிடிக்கும் பிள்ளைகளுக்குச் செவிப்பறைக்குப் பின்னால் நீர் கோத்துக்கொள்ளும். வலி இருக்காது என்பதால் வீட்டில் யாருக்கும் தெரியாது. டிவி சத்தத்தைக் கூட்டிக்கொண்டே போகிறானா என்று கவனியுங்கள்.

'க'வைத் 'த' என்பது மூன்று வயதில் சகஜம். நான்கு வயதுக்குள் பெரும்பாலும் சரியாகிவிடும். ஐந்தரையிலும் தொடர்வதால் பேச்சுப் பயிற்சியாளரைப் பார்ப்பது நல்லது, இனியும் காத்திருக்க வேண்டாம். ர, ற, ழ எல்லாம் தாமதமாகத்தான் வரும், அவற்றுக்காக இப்போதே அவனை வாட்டாதீர்கள். ழகரத்தைப் பொறுத்தவரை நம் பக்கத்துப் பெரியவர்கள் பலரே வாளைப்பளம்தான் சாப்பிடுகிறார்கள்.

அடுத்து படிப்பு. சொல் என்பது சின்னச் சின்ன ஒலிகளால் ஆனது என்பது பிள்ளைக்குத் தானாகப் புரிந்துவிடாது. அமெரிக்காவில் உளவியலாளர் இசபெல் லிபர்மன் குழுவினர் 1974-ல் வெளியிட்ட ஓர் ஆய்வில், ஒரு சொல்லில் எத்தனை துண்டு இருக்கிறதோ அத்தனை முறை மேசையில் தட்டச் சொன்னார்கள். அசைகளாகப் பிரித்துத் தட்ட நான்கு வயதிலேயே பாதிப் பிள்ளைகளுக்குத் தெரிந்தது. தனித்தனி ஒலியாகப் பிரிக்க அந்த வயதில் ஒருவராலும் முடியவில்லை. ஆறு வயதில் 70 சதவீதம் பேர் செய்தார்கள்.

தமிழ் எழுத்து இதற்குத் தோதானது. கந்தரப்பம், கும்மாயம், கோலா உருண்டை மூன்றும் 'க்' என்ற ஒரே ஒலியில்தான் தொடங்குகின்றன. ஆனால் பிள்ளை பார்ப்பது க, கு, கோ என்ற முழு எழுத்துகளை. உள்ளே இருக்கும் 'க்' தனியாகத் தெரியாவிட்டாலும் தமிழ் படிக்கத் தொடங்கிவிடலாம். ஆங்கிலம் அப்படி விடாது. 'கேட்' படிக்க மூன்று ஒலியையும் தனித்தனியாகப் பிடித்துச் சேர்க்க வேண்டும். போதாக்குறைக்கு 'சி ஃபார் கேட்' என்று சொல்லிக் கொடுக்கிறோம். 'கேட்' என்பதில் 'சி' எங்கே கேட்கிறது? எழுத்தின் பெயரை மட்டும் மனப்பாடம் செய்த பிள்ளை முழிக்கத்தான் செய்யும். அதிலும் உங்கள் பேரனுக்கு வராத ஒலியே அந்த 'க்'தான்.

சாயங்காலம் வளவில் உட்கார்ந்து கொஞ்ச நேரம் விளையாடுங்கள். 'புதுவயலில் புது போனால்?' வயல். 'தேவகோட்டையில் தேவ போனால்?' கோட்டை. அது பழகிய பிறகு, 'கோலம், கோழி, கோயில், பணியாரம், இதில் சேராதது எது?' அப்புறம் 'க்' என்று தொடங்கும் பலகாரம் சொல்லச் சொல்லலாம். அவன் 'தும்மாயம்' என்றால் 'தப்பு, திருப்பிச் சொல்லு' என்று அதட்ட வேண்டாம். 'ஆமாம், கும்மாயம்தான் வேண்டுமா?' என்று சரியான ஒலியை அவன் காதில் விழ வைத்தால் போதும். பக்கத்திலேயே ஸ்லேட்டில் எழுத்தையும் எழுதிக் காட்டுங்கள். ஒலியும் எழுத்தும் சேர்ந்து போனால்தான் படிப்புக்கு முழுப் பலன் கிடைக்கும்.

மகனைப் பற்றி எழுதியது மிக முக்கியமான தகவல். டிஸ்லெக்சியா என்ற வாசிப்புக் குறைபாடு குடும்ப வழியில் வரக்கூடியது. பள்ளியில் சேர்ந்த பிறகும் உச்சரிப்புக் குறை தொடர்கிற பிள்ளைகளுக்கு அதற்கான வாய்ப்பு சற்றுக் கூடுதல். அதற்காக இப்போதே பெயர் சூட்டிவிடக் கூடாது. எட்டு வயது வாக்கில்தான் அதை உறுதியாகச் சொல்ல முடியும், பயிற்சியை மட்டும் இன்றே தொடங்கலாம். தமிழும் ஆங்கிலமும் சேர்ந்து குழப்புகிறது என்று யாராவது சொன்னால் நம்பாதீர்கள், வீட்டில் தமிழை நிறுத்தவும் வேண்டாம்.

சிவகங்கை அரசு மருத்துவக் கல்லூரி மருத்துவமனையில் காது மூக்கு தொண்டைப் பிரிவு இருக்கிறது. வளர்ச்சிக் குறைபாடுள்ள பிள்ளைகளுக்காக மாவட்ட அளவில் அரசு நடத்தும் ஆரம்ப இடையீட்டு மையத்தைப் பற்றியும் அங்கேயே கேளுங்கள், கட்டணம் இல்லை. போகும்போது பேரன் பேசுவதை இரண்டு நிமிடம் போனில் பதிவு செய்து எடுத்துப் போங்கள். டாக்டர் முன்னால் பல பிள்ளைகள் வாயே திறப்பதில்லை.