வெனெசா என்றால் வண்ணத்துப்பூச்சியா?

மகளுக்கு ‘வெனெசா’ என்று பெயர் வைக்க ஆசை. கிரேக்க மொழியில் வண்ணத்துப்பூச்சி என்று பொருளாம். சரிதானா?

பெயர் அழகானது, பொருள்தான் கோளாறு. கிரேக்கத்தில் வண்ணத்துப்பூச்சிக்கு ‘சைக்கே’ என்பார்கள். அதே சொல்லுக்கு உயிர் என்றும் பொருள் உண்டு. வெனெசா கிரேக்கமே இல்லை. ஜோனதன் ஸ்விஃப்ட் என்ற ஐரிஷ் எழுத்தாளர் தன் தோழி எஸ்தர் வானோம்ரிக்காக உண்டாக்கிய பெயர் அது. குடும்பப் பெயரின் தலையிலிருந்து ‘வான்’, எஸ்தரின் செல்லச் சுருக்கமான ‘எஸ்ஸா’, இரண்டையும் ஒட்டவைத்தார். அந்தப் பெயர் வரும் கவிதை 1726இல் அச்சானது. எஸ்தர் 1723லேயே இறந்துவிட்டார், பாவம்.

அப்புறம் வண்ணத்துப்பூச்சி எங்கிருந்து வந்தது? 1807இல் ஃபப்ரீசியஸ் என்ற டென்மார்க் பூச்சியியலாளர் ஒரு வண்ணத்துப்பூச்சிப் பேரினத்துக்கு வெனெசா என்று பெயர் சூட்டினார். ஆக, பெண்ணின் பெயர்தான் பூச்சிக்குப் போனது. பட்டியல் போடுகிறவர்கள் கதையைத் தலைகீழாக்கிவிட்டார்கள்.

பல ஆண்டுகள் அகராதிகளுக்கு மெய்ப்புப் பார்த்தவன் நான். பெயருக்குப் பக்கத்தில் பொருள் போட்டிருந்தால் எந்த மொழி, எந்தச் சொல் என்று தேடாமல் விட மாட்டேன். பேத்தி பிறந்தபோது வீட்டுக்கு வந்த பட்டியல்களில் பாதிப் பெயர்களுக்கு ‘அழகு’, மீதிப் பாதிக்கு ‘ஒளி’ என்றுதான் போட்டிருந்தது. உலகத்து மொழிகளெல்லாம் சேர்ந்து இரண்டே சொற்களையா வைத்திருந்தன? நீங்கள் வெனெசா என்றே வையுங்கள். ஒருவர் இன்னொருவருக்காக ஆசையாகச் செய்த பெயர் என்று மகளிடம் சொல்லலாம். வண்ணத்துப்பூச்சியைவிட நல்ல கதை.

என் கணவர் செர்பியர். இரண்டு வீட்டுப் பாட்டிகளும் நாக்குச் சுளுக்காமல் கூப்பிடும்படி ஒரு பெண் பெயர் சொல்லுங்களேன்.

மீரா. நமக்கு அது மீராபாயின் பெயர். அவர்கள் ஊரிலும் மீரா பழகிய பெயர்தான். செர்பிய மொழியில் ‘மீர்’ என்றால் அமைதி. போதாததற்கு லத்தீனில் ‘மீரா’ என்றால் வியப்புக்குரியவள். ஒளி கூடிக் குறையும் ஒரு விண்மீனைப் பார்த்து வியந்த ஹெவேலியஸ் என்ற வானியலாளர், 17ஆம் நூற்றாண்டில் அதற்கு இந்தப் பெயரையே வைத்தார். எழுதும்போது மட்டும் கவனம்: வல்லின ‘ற’ போட்டுவிட்டால் பிள்ளை எதையும் மீறாதவள் ஆகிவிடுவாள். அப்படி ஒரு பிள்ளையை நான் இதுவரை பார்த்ததில்லை.

மாமியார் வீட்டில் ‘நாடா’ என்று யாராவது சொன்னால் உடனே தலையாட்டிவிடாதீர்கள். அவர்கள் மொழியில் நம்பிக்கை என்று அருமையான பொருள். நம் காதில் பாவாடை நாடா. ஸ்பானியர் காதில் ‘ஒன்றுமில்லை’.

தியோடர், டோரதி: இரண்டுக்கும் ஏதாவது தொடர்பு உண்டா?

உண்டு. ‘தியோஸ்’ கடவுள், ‘டோரோன்’ கொடை. முன்னும் பின்னும் மாற்றிப் போட்டிருக்கிறார்கள், அவ்வளவுதான். எபிரேயத்தில் நத்தானியேல், வடமொழியில் தேவதத்தன், பாரசீகத்தில் குதாதாத், ஸ்லாவிய மொழிகளில் போக்தான்: எல்லாமே கடவுள் தந்த பிள்ளைகள்.

இரட்டைப் பிள்ளைகள் பிறக்கப்போகிறார்கள். எதுகை மோனையோடு பெயர் வேண்டாம் என்கிறாள் மனைவி. வேறு எப்படித்தான் ஜோடி சேர்ப்பது?

மனைவி சொல்வதுதான் சரி. வீட்டுக்குள் ஒருவரைக் கூப்பிட்டால் இருவரும் திரும்பிப் பார்ப்பார்கள்.

நைஜீரியாவின் யொரூபா மக்களிடம் இதற்கு ஆயத்தப் பெயர்களே உண்டு. முதலில் வெளியே வருகிற பிள்ளை தாய்வோ, ‘உலகைச் சுவைத்துப் பார்க்க வந்தவர்’. அடுத்தது கெஹிண்டே, ‘பின்னால் வந்தவர்’. வேடிக்கை என்னவென்றால், அவர்கள் கணக்கில் கெஹிண்டேதான் மூத்தவர். “நீ போய் உலகம் எப்படி இருக்கிறது என்று பார்த்துச் சொல்” என்று இளையவரை முன்னே அனுப்பிவைக்கிறாராம். எங்கள் வீட்டில் நான்தான் இளையவன். கடைக்குப் போகச் சொன்னபோதெல்லாம் இந்தக் கதை தெரியாமல் போய்விட்டது.

கானாவின் அக்கான் மக்கள் பிறந்த கிழமையைப் பெயராக வைப்பார்கள். ஐ.நா. பொதுச்செயலாளராக இருந்த கோஃபி அன்னானும் இரட்டையரில் ஒருவர்தான். கோஃபி என்றால் வெள்ளிக்கிழமை பிறந்த ஆண். கூடப் பிறந்தவர் எஃபுவா, அதே வெள்ளிக்கிழமைப் பெண். ஓசையில் ஒட்டாமல் பொருளில் ஒட்டுகிற ஜோடி. நீங்கள் தேடுவது இந்த மாதிரிதான். தாமஸ் மட்டும் வேண்டாம். அரமேயத்தில் அதற்குப் பொருளே ‘இரட்டையர்’. இன்னொரு பிள்ளை கோபித்துக்கொள்ளும்.

கணவரின் தாத்தா பெயர் சவரிமுத்து. மகனுக்கு அதையே வைக்க வேண்டும் என்கிறார்கள். பள்ளியில் ‘சவரம்’ என்று கேலி செய்வார்களோ என்று பயமாக இருக்கிறது.

சவரத்துக்கும் இதற்கும் சம்பந்தமில்லை. 1506இல் நவார் நாட்டில் ஒரு கோட்டையில் பிறந்தவர் பிரான்சிஸ் சேவியர். அந்தக் கோட்டையின் பெயர்தான் சேவியர். பாஸ்க் மொழியில் ‘எச்சே’ என்றால் வீடு, ‘பெர்ரி’ என்றால் புதிது. புதுவீடு என்ற இடப்பெயர் தேய்ந்து தேய்ந்து அப்படி ஆனது. போர்ச்சுக்கீசியர் வாயில் அதன் முதல் எழுத்து ‘ஷ’. அந்த ஒலியோடு நம்மிடம் வந்து சவேரியார், சவரியார் என்று குடியேறிவிட்டது. நம் ஆட்கள் முத்தையும் கோத்துக்கொண்டார்கள்.

பவுல் என்றால் லத்தீனில் சிறியவர். அதைத்தான் தமிழில் சின்னப்பர் ஆக்கினார்கள். அங்கே பொருளை மொழிபெயர்த்தார்கள். சவரியில் ஒலியை மட்டும் எடுத்துக்கொண்டதால்தான் உங்களுக்கு இந்தப் பயம்.

கேலி அவ்வளவு உறுத்தினால் ‘சேவியர் முத்து’ என்று பதியுங்கள். தாத்தா பெயர் ஒரு துளியும் குறையவில்லை என்று பெரியவர்களிடம் தைரியமாகச் சொல்லலாம். வீட்டில் சவரி என்றே கூப்பிடட்டும்.