வாசகர் வினா: தீர்ப்பு வந்த பின்னும் எல்லைக் கல் நடப்படாதது ஏன்?

கேள்வி (வாசகர், கோப்பாய்): எத்தியோப்பியா, எரித்திரியா எல்லைத் தகராறுக்கு 2002 ஆம் ஆண்டே தீர்ப்பு வந்துவிட்டது; ஆனால் கல் நடப்படவில்லை என்கிறார்கள். தீர்ப்புக்குப் பின் கல் நடுவது சின்ன வேலைதானே?

பதில்: நம்மூர் வேலி வழக்குகளைப் பார்த்தவர்கள் அப்படிச் சொல்லமாட்டார்கள். காணி உறுதியைப் பார்த்து நீதிமன்றம் தீர்ப்புச் சொல்லிவிடும். நில அளவையாளர் படத்தோடு வளவுக்குள் இறங்கி, கதியால் நிரையில் தழைத்து நிற்கும் பூவரசு யார் பக்கம் விழுகிறது என்று காட்டும்போதுதான் சண்டை மறுபடி மூளும். நாடுகளுக்கிடையிலும் எல்லைக் கோட்டைத் தாளில் தீர்மானிப்பது ஒரு வேலை, அதை மண்ணில் குறிப்பது வேறொரு வேலை.

1998 இல் தொடங்கிய போருக்குப் பின், 2000 டிசம்பரில் அல்ஜியர்ஸில் கையெழுத்தான உடன்படிக்கையின்படி அமைந்த ஐவர் ஆணைக்குழு, இத்தாலியின் குடியேற்றக் காலத்து 1900, 1902, 1908 ஆம் ஆண்டு ஒப்பந்தங்களை வைத்து 2002 ஏப்ரல் 13 இல் தீர்ப்பளித்தது. போர் மூண்ட பத்மே ஊர் எரித்திரியாவுக்குப் போனது. ஆனால் அந்த ஊர் எங்கே என்று தீர்ப்பின் வரைபடத்தில் காட்டப்படாததால், தொடக்கத்தில் இரு தரப்புமே வென்றதாக அறிவித்தன. விவரம் தெரிந்ததும் எத்தியோப்பியா திருத்தம் கேட்டது. ஊர் மக்களின் வசதி பார்த்து, நியாயம் கருதிக் கோட்டை வளைக்கும் அதிகாரத்தை உடன்படிக்கையே ஆணைக்குழுவுக்கு மறுத்திருந்தது. இது கடுமையாகத் தோன்றலாம். அந்த அதிகாரம் இருந்திருந்தால் ஒவ்வொரு கிராமமும் ஒரு வழக்காகியிருக்கும் என்பது என் எண்ணம்.

எத்தியோப்பியா தீர்ப்பை முழுமையாக ஏற்காததால் தூண் நட முடியாத நிலையில், ஆணைக்குழு 2006 நவம்பரில் புள்ளிகளின் அகலாங்கு, நெட்டாங்குகளை வெளியிட்டு, ஓராண்டுக்குள் இணங்காவிட்டால் அவையே எல்லையாக நிற்கும் என்றது. 2007 நவம்பரோடு எல்லை அவ்வாறே எண்களில் குறிக்கப்பட்டதாயிற்று. எத்தியோப்பியா அதை முழுமையாக ஏற்பதாக அறிவித்தது 2018 இல்தான்.

கேள்வி (வாசகர், காரைநகர்): பாக்கு நீரிணையில் கல்லே நட முடியாதே, நமது எல்லை எப்படிக் குறிக்கப்பட்டது?

பதில்: அங்கேயும் எண்களால்தான். 1974 ஜூனில் இந்திரா காந்தியும் சிறிமாவோ பண்டாரநாயக்கவும் கையெழுத்திட்ட ஒப்பந்தம் ஆறு புள்ளிகளைக் குறித்து, அவற்றை இணைக்கும் கோட்டை எல்லையாக்கியது. கச்சதீவு இலங்கைப் பக்கம் விழுந்தது. முதற் புள்ளி வடக்கு 10 பாகை 5 நிமிடம், கிழக்கு 80 பாகை 3 நிமிடம். அதாவது காங்கேசன்துறைக்கு ஏறத்தாழ நேர் வடக்கே சுமார் 30 கிலோமீற்றர். கடலில் அப்புள்ளிகளின் இடத்தை இரு அரசுகளும் அதிகாரமளித்த அளவையாளர்கள் ஒப்புக்கொண்ட முறையில் நிர்ணயிப்பார்கள் என்று மூன்றாம் பிரிவு சொல்கிறது. மன்னார் வளைகுடாவுக்கும் வங்காள விரிகுடாவுக்கும் 1976 மார்ச்சில் தனி ஒப்பந்தம் வந்தது.

ஆகவே கோட்டைப் பொறுத்தவரை ஒப்பந்தத்தில் குழப்பமில்லை. மீன்பிடித் தகராறு அதற்குப் புறம்பானது. இரவில் வலை விரித்துவிட்டுக் காத்திருக்கும் தொழிலாளிக்கு நீர்ப்பரப்பில் எந்த அடையாளமும் தெரியாது. படகிலுள்ள ஜிபிஎஸ் கருவியில் ஓடும் எண்தான் அவருக்கு எல்லைக் கல்.