கரை, படுகை, பங்காளி – கடிதம்

சார் வணக்கம், நான் திருத்துறைப்பூண்டி பக்கம். காவிரி பிரச்சனை கெளம்பும்போதெல்லாம் இங்கிலீஷ் பேப்பர்ல நம்மள ‘லோயர் ரைபேரியன் ஸ்டேட்’னு போடுறாங்க. மொதல்ல ஏதோ ரிப்பேர் சமாச்சாரம்னு நெனச்சேன். ரிவர்லேர்ந்து வந்த வார்த்தையா சார்? அப்ப ரைவல்ங்கறதும் அதே குடும்பமா? தமிழ்ல எப்படி எழுதறது?

தம்பி, நம்ம மதகு ஷட்டருங்க இருக்கற லட்சணத்துக்கு ரிப்பேர்னு நெனச்சதுல தப்பே இல்ல.

ரிவர்லேர்ந்து வரல. லத்தீன்ல ‘ரீபா’ன்னா கரை, ரைபேரியன்னா கரையைச் சேர்ந்த, அவ்ளோதான். வேடிக்கை என்னன்னா ரிவரே அந்த ரீபா வழியில வந்ததுதான், கரையோரத்துக்கு இருந்த பேரு பிரெஞ்சு வழியா இங்கிலீஷுக்கு வர்றதுக்குள்ள ஆத்துக்கே ஒட்டிக்கிச்சு. அரைவ்கூட ரீபாதான், நாம கரை சேர்றதுங்கறோமே அதே.

ரைவல் வேற வீடு. ‘ரீவுஸ்’னா ஓடை, வாய்க்கா. ஒரே வாய்க்கால்ல தண்ணி எடுக்கறவங்களுக்கு ரோமன் சட்டத்துல ‘ரீவாலிஸ்’னு பேரு. ஒரே வாய்க்கான்னா என்ன ஆகும்னு கடைமடைக்காரரு உங்களுக்கு நான் சொல்லணுமா, ராத்திரி மடைய யாரு தெறந்ததுன்னு ஆரம்பிச்சு மம்பட்டிய தூக்கற வரைக்கும் போகும். நம்ம பங்காளியும் இப்படித்தான், பங்கு உள்ளவன்னுதான் அர்த்தம், ஆனா சொன்னதுமே ஞாபகத்துக்கு வர்றது சண்டை.

இங்கிலீஷ் சட்டத்துல ரைபேரியன் ரைட்ஸ்னா ஆத்தங்கரைய தொட்ட நிலத்துக்காரன் கீழ இருக்கறவனுக்கு கெடுதல் வராம நியாயமா தண்ணி எடுத்துக்கலாம்ங்கறது. அந்த கணக்குல வாய்க்கா பாசனத்துல இருக்கற வயலு ரைபேரியனே இல்ல! ஸ்டேட்டுன்னு வரும்போது மட்டும் ஆறு ஓடற ஸ்டேட் எல்லாமே ரைபேரியன், மேல இருந்தா அப்பர், கீழன்னா லோயர். நாம லோயர்னா காரைக்கால் நமக்கும் லோயர். 2007 ட்ரிப்யூனல் தீர்ப்புல புதுச்சேரிக்கு 7 டிஎம்சி, 2018ல சுப்ரீம் கோர்ட் நமக்கு கர்நாடகா விடவேண்டியத 192லேர்ந்து 177.25 டிஎம்சியா கொறச்சப்பகூட அந்த 7ல கை வைக்கல.

தமிழுக்கு வருவோம். ‘கரையோர’ங்கறது சப்புனு இருக்கு. செடி கொடி மண்ணு பத்தின்னா படுகைன்னு எழுதுங்க, திருவையாறு பக்கம் வாழை நிக்குதே அந்த ஆத்துப் படுகை, அச்சு அசலா அதான் ரைபேரியன் நெலம், ஆனா பேப்பர்காரங்க ‘பேசின்’னுக்கும், அதாவது ஒரு ஆத்துக்கு தண்ணி வந்து சேர்ற மொத்த பரப்புக்கும், படுகைன்னே போட்டு கொழப்பி வச்சிருக்காங்க. லோயர் ரைபேரியன் ஸ்டேட்டுக்கு நான் கடைமடை மாநிலம்னுதான் எழுதுவேன், காரைக்கால்காரங்க கோச்சுக்கலன்னா.