காலனி நாடுகளில் குடியேறி அரசியலுக்கு வந்த வெள்ளையர்களில் நீங்கள் மதிக்கும் ஒருவர் யார்?

கார்ஃபீல்ட் டாட். தெற்கு ரொடீசியாவில், அதாவது இன்றைய ஜிம்பாப்வேயில், 1953 முதல் 1958 வரை பிரதமராக இருந்தவர். அந்த நாட்டைப் பற்றிப் பேசினால், அதைப் பிரிட்டிஷ் பிடிக்குள் கொண்டுவந்த ரோட்ஸ், பின்னாளில் வெள்ளையர் ஆட்சியை விடாமல் பிடித்திருந்த பிரதமர் இயன் ஸ்மித் என்றே போய்விடுகிறோம். இவர் பெயர் அடிபடுவதே இல்லை.

1908ல் நியூசிலாந்தில் பிறந்தார். 1934ல் மனைவி கிரேஸுடன் தெற்கு ரொடீசியாவில் இருந்த டடாயா என்ற கிறிஸ்தவ மிஷனுக்கு வந்து சேர்ந்தார். வந்தது மதபோதகராக. ஆனால் பள்ளிக்கூடம் நடத்துவதில் தொடங்கி பிரசவம் பார்ப்பது வரை எல்லாம் அவர் தலையில் விழுந்தது. கிரேஸ் தயாரித்த பாடத்திட்டம் நாடு முழுக்க ஆப்பிரிக்கப் பிள்ளைகளின் பள்ளிகளுக்குப் போனது. டடாயாவில் வாத்தியாராக இருந்தவர்களில், பின்னாளில் ஜிம்பாப்வேயை ஆண்ட ராபர்ட் முகாபேயும் ஒருவர்.

1946ல் டாட் எம்.பி. ஆனார், ஏழு வருடத்தில் பிரதமர். 1954ல் ஹ்வாங்கே நிலக்கரிச் சுரங்கத் தொழிலாளர்கள் வேலைநிறுத்தம் செய்தபோது ராணுவத்தை அனுப்பியவரும் இவர்தான். அதை மறைத்துவிட்டு இவரைப் புகழ எனக்கு மனம் வரவில்லை.

ஆனாலும் அந்தப் பதவியில் இருந்துகொண்டு அவர் தொட்ட விஷயம் சாதாரணமானது இல்லை. அங்கே ஓட்டுரிமைக்கு நிறம் தடை என்று சட்டத்தில் எழுதியிருக்காது. இவ்வளவு வருமானம், இவ்வளவு சொத்து வேண்டும் என்றுதான் இருக்கும். அந்த வரம்பைத் தாண்டி பட்டியலில் ஏறிய ஆப்பிரிக்கர்கள் சில நூறு பேர்தான். டாட் வரம்பைக் குறைக்கப் பார்த்தார், முடியாவிட்டால் ராஜினாமா என்று நின்றார். அரசு ஆவணங்களில் 'ஆப்பிரிக்க ஆண்' என்று எழுதிக்கொண்டிருந்த இடத்தில் பெயருக்கு முன்னால் 'திரு' போட அனுமதித்தார். கேட்பதற்குச் சின்ன விஷயம். குடியேறிகளுக்கு அதுவே பொறுக்கவில்லை.

1958 ஜனவரியில் அவர் விடுமுறை முடிந்து திரும்பியதும் அமைச்சர்கள் கூண்டோடு விலகினார்கள். அடுத்த மாதம் கட்சி மாநாடு அவரை இறக்கிவிட்டு எட்கர் வைட்ஹெட்டை உட்கார வைத்தது. அதே வருடத் தேர்தலில் அவர் அணிக்கு ஒரு இடம்கூடக் கிடைக்கவில்லை.

சரி, அதோடு ஒதுங்கினாரா? இல்லை. கறுப்பின மக்களின் ஆட்சியுரிமைக்காக வெளிப்படையாகப் பேசினார். 1965ல் ஸ்மித் அரசு அவரை அவருடைய பண்ணையிலேயே முடக்கியது. 1972ல் அவரையும் மகள் ஜூடித்தையும் சிறையில் அடைத்தது. அங்கே உண்ணாவிரதம் இருந்த ஜூடித்துக்குக் கட்டாயப்படுத்திக் குழாய் வழியாக உணவு செலுத்தினார்கள். முன்னாள் பிரதமர் வீட்டுப் பெண்ணுக்கே இந்தக் கதி.

1980ல் விடுதலை வந்ததும் முகாபே அவரை செனட்டர் ஆக்கினார். பிறகு அதே முகாபே அரசு, வெளிநாட்டில் பிறந்தவர்களைக் குறிவைத்த குடியுரிமைச் சட்டத்தைக் காட்டி, 2002ல் அவருடைய ஓட்டுரிமையைப் பறித்தது. அப்போது அவருக்கு 93 வயது. மற்றவர்களுக்கு ஓட்டு வேண்டும் என்று கேட்டுப் பதவியை இழந்த மனிதருக்கு இதைச் செய்தார்களே என்று எனக்கு இன்றும் ஆத்திரம் வருகிறது. அந்த அக்டோபரில் புலவாயோவில் இறந்தார்.