தக்காளி சூப்பில பால் திரைஞ்சா

தங்கச்சி, கல்முனைச் சந்தையில வாங்கின தக்காளியில சூப் வச்சீங்க, பால் ஊத்தினதும் திரைஞ்சிட்டு, சீஸ் டோஸ்ட் போட ஓவனும் இல்லை என்று எழுதியிருக்கிறீங்க. தக்காளிட புளிப்புத்தான் பாலைத் திரைய வைக்குது. பாலே வேணாம். இத்தாலியில டஸ்கனிப் பக்கம் பழைய பாணைப் போட்டுத்தான் தடிப்பாக்குவாங்க, அருமையான வழி அது.

ஒலிவ் எண்ணெயில உள்ளியைச் சின்ன நெருப்பில வதக்குங்க. கருக விடாதீங்க, கசக்கும். நல்லாப் பழுத்த தக்காளி ஒரு கிலோ, உப்பு, புளிப்படங்க ஒரு சிட்டிகை சீனி. 20 நிமிசம் கொதிச்சதும் ரெண்டு துண்டுப் பாணைப் பிய்ச்சுப் போட்டு மசிங்க. பேசில் இலை கடைசியில.

டோஸ்டுக்குத் தோசைக்கல்லு போதும்: பட்டர் பூசி ஒரு பக்கம் சிவந்ததும் திருப்பி, சீஸ் துருவிப் போட்டு, உருகுமட்டும் மூடிவைங்க.