லிட்டில் டிச்: ஒரு குள்ள மனிதரும் இரண்டடிக்கு மேல் நீண்ட காலணியும்

சாப்ளினுக்கு முந்தைய தலைமுறையில், பிரிட்டிஷ் மியூசிக் ஹால் மேடைகளில் புகழ்பெற்றிருந்து இன்று நம்மில் பலர் அறியாத கலைஞர் யார் என்று கேட்டிருக்கிறீர்கள். நான் லிட்டில் டிச்சைச் சொல்வேன்.

மதுக்கடைகளின் பாட்டுக் கூடங்களிலிருந்து வளர்ந்து, பாட்டு, ஆட்டம், நகைச்சுவை, வித்தை என எல்லாவற்றையும் ஒரே இரவில் அடுத்தடுத்து வழங்கிய அரங்குகளே மியூசிக் ஹால்கள். அவற்றுள் வளர்ந்த ஹாரி ரெல்ஃப் (லிட்டில் டிச்சின் இயற்பெயர் இது), 1867 ஜூலை 21 அன்று கென்ட் பகுதியின் கட்ஹம் என்ற சிற்றூரில் பிறந்தார். அவருடைய தந்தையும் மதுக்கடை நடத்தியவர்தான். இரு கைகளிலும் ஆறாறு விரல்களோடு பிறந்த அச்சிறுவனின் வளர்ச்சி ஏறத்தாழ பத்து வயதில், நான்கரை அடி உயரத்திலேயே நின்றுவிட்டது. கைகளைக் குறித்த கூச்சம் மட்டும் கடைசிவரை அவரை விடவில்லை.

அவருக்குப் பெயர் வந்த கதை வேடிக்கையானது. 1854இல் கடலில் காணாமற்போன ரோஜர் டிச்போர்ன் என்ற செல்வந்தர் வீட்டு வாரிசு நான்தான் என்று சொல்லிக்கொண்டு, ஆஸ்திரேலியாவில் இறைச்சிக்கடை வைத்திருந்த ஒருவர் இங்கிலாந்துக்கு வந்து இறங்கினார். நாடே இரண்டாகப் பிரிந்து வாதாடிய அந்த வழக்கு, 1874இல் அவருக்குப் பதினான்கு ஆண்டுச் சிறைத்தண்டனையோடு முடிந்தது. மிகப் பருமனான அந்த ஆசாமியைப் போலக் கொழுகொழுவென்று இருந்ததால், ஹாரியைச் சுற்றியிருந்தவர்கள் 'இளைய டிச்போர்ன்' என்று கேலியாக அழைக்க, அதுவே சுருங்கி மேடையில் 'லிட்டில் டிச்' ஆயிற்று. பின்னர் இவரை வைத்து, சிறிய உருவமுள்ளவரைக் குறிக்கும் 'டிச்', 'டிச்சி' என்ற சொற்கள் ஆங்கிலத்தில் புழக்கத்துக்கு வந்தன. பெரும் பருமனுக்குப் பேர்போன ஒருவரின் பெயர், மிகச் சிறியதைக் குறிக்கும் சொல்லாக அகராதியில் உட்கார்ந்திருப்பதை நினைத்தால் எனக்கு இன்றும் சிரிப்பு வருகிறது.

நான் அவரை முதலில் பார்த்தது, 1900ஆம் ஆண்டு பாரிஸ் உலகக் கண்காட்சிக்காக க்ளெமாங் மொரீஸ் எடுத்த, மிகச் சிறிய படம் ஒன்றில். ஏறத்தாழ 28 அங்குல நீளமுள்ள, பலகை போன்ற காலணிகளை அணிந்து ஆடுகிறார். நாம் முன்னால் சாய்ந்தால், உடலின் எடை பாதத்தின் விளிம்பைத் தாண்டியதுமே விழுந்துவிடுவோம். அவருக்கோ பாதமே இரண்டடிக்கு மேல் நீள்வதால், முழங்காலை மடக்காமல் கணுக்காலிலிருந்தே சரிந்து, தரையில் கிடக்கும் தொப்பியை எட்டிவிட்டு, ஒன்றுமே நடவாததுபோல நிமிர்கிறார். பிறகு அந்தக் காலணிகளின் நுனியில் எழுந்து நிற்கிறார். நான்கரை அடி மனிதர் கண்ணெதிரே ஓங்கி வளர்ந்துவிடுகிறார். திரும்பத் திரும்பப் பார்த்தும் எந்தக் கணத்தில் எழுந்தார் என்பதை என்னால் பிடிக்க முடியவில்லை. பிரெஞ்சு நகைச்சுவை மேதை ழாக் தாத்தி, திரை நகைச்சுவைக்கெல்லாம் இந்தப் படத்தை அடித்தளமாகக் கருதியதில் வியப்பில்லை.

ஆனால் அவரைக் 'காலணி ஆட்டக்காரர்' என்று மட்டும் சொல்வது அநியாயம். ஊனத்தைக் காட்டிப் பிழைப்பவராகத் தம்மைப் பிறர் எண்ணுவதை வெறுத்தவர் அவர். காலப்போக்கில் அந்த ஆட்டமே அவருக்குச் சலித்துப்போய், விதவிதமான மனிதர்களாக வேடமிட்டு நடிக்கும் பாட்டுகளிலேயே மனம் செலுத்தினார். 1890களின் தொடக்கத்தில் லண்டன் ட்ரூரி லேன் அரங்கின் கிறிஸ்துமஸ் கால நாடகங்களில், அன்றைய மியூசிக் ஹால் நட்சத்திரங்களான டான் லெனோ, மேரி லாயிட் ஆகியோருடன் நடித்தார். பாரிஸ் அவரைக் கொண்டாடிற்று. ஓவியர் துலூஸ் லோத்ரெக் அவருக்கு நண்பர். 1910இல் பிரெஞ்சு அரசும் அவரைக் கௌரவித்தது.

என் மதிப்பில் அவரை உயர்த்துவது 1907ஆம் ஆண்டு வேலைநிறுத்தம். கூடுதல் பகற்காட்சிகளுக்கு ஊதியம் தர மறுத்த அரங்க முதலாளிகளை எதிர்த்துச் சிறிய கலைஞர்கள் வெளிநடப்புச் செய்தபோது, வாரச் சம்பளமாகப் பெருந்தொகை வாங்கிய அவர், மேரி லாயிட் போன்ற பிற நட்சத்திரங்களோடு சேர்ந்து அவர்கள் பக்கம் நின்றார். தனக்கு அதனால் கிடைக்கப்போவது ஏதுமில்லை என்று தெரிந்தும் நின்றார்.

1927ஆம் ஆண்டின் இறுதியில், லண்டன் அல்ஹாம்ப்ரா அரங்கில் துப்புரவுப் பெண்ணாக வேடமிட்டு, தரை துடைக்கும் நீண்ட துடைப்பத்தை மேலே வீசிப் பிடிக்கும் வழக்கமான விளையாட்டின்போது அது கை தவறி அவர் தலையில் விழுந்தது. சில வாரங்களுக்குள் பக்கவாதம் தாக்கிப் பேச்சும் நின்றது. 1928 பிப்ரவரி 10 அன்று, ஹெண்டனில் இருந்த தம் வீட்டில், அறுபதாவது வயதில் இறந்தார்.