மகாலட்சுமியும் அவங்கதான், போலீஸ்ல மாட்டினதும் அவங்கதான்

கேள்வி: பெங்களூர் ஆர்ட்டிஸ்ட் புஷ்பமாலா தனக்கே விதவிதமா வேஷம் போட்டு போட்டோ எடுத்துக்கறாங்களாமே. சிவாஜி ஒன்பது வேஷம், கமல் பத்து வேஷம் எல்லாம் பாத்தாச்சு, ஸ்கூல் மாறுவேடப் போட்டியும் பாத்தாச்சு. இதுல என்ன சார் புதுசு?
(ஒரு வாசகி, திருச்சி)

பதில்: மாறுவேடப் போட்டின்னு சொன்னீங்க பாருங்க, அங்கதான் விஷயமே இருக்கு. யு.கே.ஜி. பையன் முண்டாசு கட்டிட்டு பாரதியாரா வந்து நிக்கறான், ஒட்டுமீசை ஒரு பக்கம் தொங்குது, உள்ள நம்ம வீட்டு வாண்டு முழிக்குது, ஆனாலும் 'பாரதி'ன்னு உடனே தெரிஞ்சுடுது இல்ல? ஏன்னா நமக்குத் தெரிஞ்சதே அந்தப் படம்தான். சிவாஜி, கமலோட சாமர்த்தியம் ஆள் தெரியாம மறையறதுல. புஷ்பமாலா மறையறதே இல்ல, எல்லாத்துலயும் அதே முகம். அவங்க போடறது பொண்ணுங்களோட வேஷம் இல்ல, பொண்ணுங்களைக் காட்டின படங்களோட வேஷம்.

பரோடாவுல சிற்பம் படிச்சவங்க. 2000-லேர்ந்து 2004 வரைக்கும் கிளேர் ஆர்னிங்கற போட்டோகிராபரோட சேர்ந்து தென்னிந்தியப் பெண்கள்னு ஒரு வரிசை பண்ணினாங்க. ரவி வர்மாவோட தாமரை மேல நிக்கற லட்சுமி, வேளாங்கண்ணி மாதா, எழுபதுகள் தமிழ்ப்பட ஸ்டில்லுல சாட்டையோட நின்ன ஜெயலலிதா, பேப்பர்ல வந்த, போலீஸ்ல பிடிபட்ட பொண்ணு, எல்லாம் இவங்கதான். சாட்டையைப் பாத்தா சிரிப்பு வரும்.

எனக்கு சிரிப்பு நின்ன இடம், நீலகிரி பழங்குடியான தோடர் பெண்ணா அவங்க நிக்கற படம். 1869-ல லாம்ப்ரேன்னு ஒரு வெள்ளைக்காரர் மரச்சட்டத்துல நூல் கட்டி ரெண்டு ரெண்டு இஞ்ச் கட்டம் போட்டு, அதுக்கு முன்னாடி மனுஷங்களை நிறுத்தி போட்டோ எடுத்தா உடம்பை ஈஸியா அளந்துடலாம்னு யோசனை சொன்னார், துணிக்கடையில கெஜம் வச்சு அளக்கற மாதிரி. அந்த மாதிரி கட்டத்துக்கு முன்னாடி புஷ்பமாலா போய் நிக்கறாங்க. லட்சுமியா இருந்த அதே முகம்தான், பின்னாடி இருக்கற திரை மட்டும் வேற, இப்ப அது ஒரு சாம்பிள். ஆனா ஒண்ணு, இவங்க ஷூட்டிங் முடிஞ்சதும் வேஷத்தைக் கலைச்சுட்டு போயிடலாம், அன்னிக்கு நிஜமா நின்ன பொண்ணால முடியுமா? இந்த உறுத்தல் எனக்கு இன்னும் போகல.

கேள்வி: அப்ப நிஜ புஷ்பமாலா எந்தப் படத்துல இருக்காங்க?
(அதே வாசகி)

பதில்: விடமாட்டீங்க போல! செட்டு போடறது, மேக்கப் பண்றதுன்னு வேலை நடக்கறப்ப எடுத்த போட்டோக்களையும் அதே வரிசையில ஒரு பகுதியா வச்சிருக்காங்க, அதுல தேடிப் பாருங்க. நான் தேடினப்ப எங்க அத்தை ஞாபகம்தான் வந்தது. ஸ்டுடியோவுல எடுத்த அவங்க கல்யாண போட்டோவுல பின்னாடி வரைஞ்ச தாஜ்மகால், காதுல டெலிபோன் ரிசீவர். அப்ப எங்க தெருவுலயே போன் கிடையாது. யார்கிட்ட அத்தை பேசினீங்கன்னு கேட்டா இன்னிக்கும் வெட்கப்படுவாங்க.